பிரேசிலில் காதல் வசியம்

வசியத்துக்குப் பிரேசில்காரர்கள் வைத்திருக்கும் பெயர் 'அமஹஸாவ்'. போர்ச்சுக்கீசிய மொழியில் கட்டுதல் என்று பொருள். இருவர் பெயரையும் தாளில் எழுதி, நாடாவால் கட்டி, தேன் ஊற்றி, மெழுகுவர்த்தி ஏற்றுவார்கள்.

இதெல்லாம் ஆப்பிரிக்க அடிமைகள் கொண்டுவந்த சூனியம் என்று சொல்லிவிடுவது அங்கே பலருக்கு வழக்கம். ஆனால் 1591இல் பாஹியாவுக்கு வந்த போர்ச்சுக்கல் மத விசாரணை அதிகாரியிடம், தூங்கும் கணவனின் வாயருகே திருப்பலி வாசகத்தைச் சொன்னதாக ஒப்புக்கொண்டவர்கள் கிறிஸ்தவப் பெண்கள். இன்றும் வரன் அமையாத பெண்கள் புனித அந்தோணியார் சிலையைத் தலைகீழாக நிறுத்துவதுண்டு. அவர் கையிலுள்ள குழந்தை இயேசுவை எடுத்து வைத்துக்கொண்டு, கல்யாணம் முடிந்தபிறகு திருப்பிக் கொடுப்பதும் உண்டு. இதை யாரும் சூனியம் என்பதில்லை.

1890ஆம் ஆண்டின் குற்றவியல் சட்டம், காதலையோ வெறுப்பையோ தூண்டச் செய்யும் மாந்திரீகத்தைக் குற்றமாக்கியது. அந்தோணியாரைக் கவிழ்த்த வீடுகளை விட்டுவிட்டு, ஆப்பிரிக்க மரபுக் கோயில்களுக்குள்தான் காவல்துறை புகுந்தது. ரியோவில் அப்படிப் பறித்த பூசைப் பொருட்கள் 2020இல்தான் காவல்துறையின் கையிலிருந்து குடியரசு அருங்காட்சியகத்துக்குப் போயின.

இத்தனைக்கும், அந்த மரபில் வந்த உம்பாண்டா சமயத்தின் கோயில்கள் பல இந்தக் கட்டைச் செய்ய மறுக்கின்றன. அடுத்தவர் மனதைக் கட்டக் கூடாது என்பது அவர்கள் நெறி.