உங்கள் ஊர்ப் பஞ்சாயத்துக்கு அதிகாரம் எப்படி வந்தது?

திருவண்ணாமலையில் கிரிவலம் வருகிறவர்கள் 14 கிலோமீட்டர் நடக்கிறார்கள். வழியில், மலைக்கு மேற்கே அடி அண்ணாமலை வருகிறது. ஆதி அருணாசலேசுவரர் கோவில் உள்ள ஊர் அது.

ஊர் என்றால் குடிதண்ணீர் வேண்டும். தெருவிளக்கு வேண்டும். ரோடு வேண்டும். இதை எல்லாம் டெல்லியில் இருந்துகொண்டு கவனிக்க முடியுமா? முடியாது. அதற்குத்தான் கிராமப் பஞ்சாயத்து.

ஆனால் 1948-ம் ஆண்டில் தயாரான இந்திய அரசியல் சட்ட நகலில், கிராமப் பஞ்சாயத்து அமைக்க வேண்டும் என்று ஒரு வரிகூட இல்லை!

அம்பேத்கரின் பயம்

நகலைத் தயாரித்த குழுவின் தலைவர் டாக்டர் அம்பேத்கர். 1948 நவம்பர் 4-ந் தேதி அவர் அரசியல் நிர்ணய சபையில் பேசினார். கிராமத்தில் குறுகிய மனப்பான்மையும் அறியாமையும் நிறைந்திருக்கின்றன என்றார். சட்டம் கிராமத்தை அல்ல, தனி மனிதனையே அடிப்படையாகக் கொள்ள வேண்டும் என்றார்.

அவர் பயந்ததில் நியாயம் இருந்தது. அதற்கு நம் நாட்டுக் கல்வெட்டே சாட்சி!

குடத்தில் போட்ட ஓலை

உத்தரமேரூரில் வைகுண்டப் பெருமாள் கோவில் சுவரில், முதலாம் பராந்தக சோழன் காலத்துக் கல்வெட்டு இருக்கிறது. ஆண்டு 921.

ஊரை 30 குடும்புகளாகப் பிரித்தார்கள். பெயர்களை ஓலையில் எழுதிக் குடத்தில் போட்டார்கள். ஒரு சிறுவனை விட்டு எடுக்கச் சொன்னார்கள். முன்பு பதவியில் இருந்து கணக்குக் காட்டாதவருக்கு இடம் இல்லை. அவருடைய உறவினருக்கும் இல்லை!

நல்ல ஏற்பாடுதான். ஆனால் யாருடைய பெயர் குடத்துக்குள் போகும்? வரி கட்டும் நிலமும் சொந்த மனையில் வீடும் இருக்க வேண்டும். வேதம் படித்திருக்க வேண்டும். ஏழைக்கு இடம் இல்லை. பெண்ணுக்கும் இல்லை.

சந்தானம் கொண்டுவந்த திருத்தம்

1948 நவம்பர் 22-ந் தேதி, சென்னை மாகாணத்தைச் சேர்ந்த கே. சந்தானம் ஒரு திருத்தம் கொண்டுவந்தார். கிராமப் பஞ்சாயத்துகளை அமைத்து, அவை தாமே நடப்பதற்கு வேண்டிய அதிகாரத்தை அரசு கொடுக்க வேண்டும் என்பது திருத்தம். ஆந்திரத் தலைவர் டி. பிரகாசம் ஆதரித்துப் பேசினார்.

டாக்டர் அம்பேத்கர் எதிர்த்தாரா? இல்லை. ஏற்றுக்கொண்டார்! அதுதான் அரசியல் சட்டத்தின் 40-வது பிரிவு.

அவர் கேட்டதும் கிடைத்தது. சாதி, சொத்து, படிப்பு எதுவும் பாராமல், 21 வயது நிரம்பிய ஆணுக்கும் பெண்ணுக்கும் ஓட்டு கிடைத்தது. 1989-ல் அந்த வயது 18 ஆகக் குறைந்தது.

44 ஆண்டு காத்திருப்பு

ஒரு குறை இருந்தது. 40-வது பிரிவு அரசுக்குச் சொல்லும் யோசனைதான். நிறைவேற்றாவிட்டால் கோர்ட்டுக்குப் போக முடியாது.

73-வது திருத்தம் 1993 ஏப்ரல் 24-ந் தேதி அமலுக்கு வந்த பிறகே, 5 ஆண்டுக்கு ஒரு முறை தேர்தல் என்பது கட்டாயம் ஆனது. தாழ்த்தப்பட்டோருக்கும் பழங்குடியினருக்கும் தனி இடங்கள் வந்தன. பெண்களுக்கு மூன்றில் ஒரு பங்கு கிடைத்தது. தமிழ்நாட்டில் 2016-ல் அது பாதி ஆயிற்று.

அதே 1993-ல், ஜனவரி 7-ந் தேதி, மேற்கு ஆப்பிரிக்காவில் உள்ள கானா நாட்டிலும் புதிய அரசியல் சட்டம் அமலுக்கு வந்தது. பல ஆண்டுகள் ராணுவ ஆட்சியில் இருந்த நாடு அது. மக்களிடம் ஓட்டெடுத்து அந்தச் சட்டத்தை நிறைவேற்றினார்கள். அங்கே உள்ளூர்ச் சபைத் தேர்தலில் கட்சிச் சின்னம் கூடாது. நம் ஊர்ப் பஞ்சாயத்துத் தலைவர் தேர்தலிலும் அப்படித்தான்!

சட்டம் இருந்தால் போதுமா?

போதாது. தமிழ்நாட்டில் 2016-ல் பஞ்சாயத்துகளின் பதவிக் காலம் முடிந்தது. திருவண்ணாமலை மாவட்டத்து கிராமங்களில் தேர்தல் நடந்ததோ 2019 டிசம்பரில்! மூன்று ஆண்டுக்கு மேல் அதிகாரிகளே நிர்வாகம் செய்தார்கள்.

ஜனவரி 26, மே 1, ஆகஸ்டு 15, அக்டோபர் 2 முதலிய நாட்களில் கிராமசபை கூடும். ஓட்டுரிமை உள்ள எவரும் போகலாம். வரவு செலவு கேட்கலாம். கணக்குக் கேட்பது நமக்குப் புதிது அல்ல. 1,100 ஆண்டுகளுக்கு முன்பே கல்லில் எழுதி வைத்த வழக்கம். அன்று நிலம் உள்ளவர்கள் கேட்டார்கள். இன்று கூலி வேலை செய்யும் தாயும் எழுந்து நின்று கேட்கலாம்!