கை அதிராத ரம்பம்

சுவிட்சர்லாந்தின் சோலோதூர்ன் நகரில் இயங்கிய சின்டில்லா நிறுவனத்தில் ஆல்பர்ட் காஃப்மன் என்றொரு பொறியாளர் இருந்தார். 1946-ல் அவர் ஒரு தையல் மெஷினின் ஊசியைக் கழற்றிவிட்டு, அந்த இடத்தில் சின்ன ரம்பத் தகடு ஒன்றை மாட்டிப் பார்த்தார். பலகை அறுபட்டது. மறு ஆண்டே ‘லெஸ்டோ’ என்ற பெயரில் கையில் பிடித்து இயக்கும் ஜிக்சா விற்பனைக்கு வந்துவிட்டது. பிறகு 1954-ல் சின்டில்லாவை பாஷ் நிறுவனம் வாங்கிக்கொண்டது. பரணுக்குப் பலகை, பால்கனிக்குச் செடி ஸ்டாண்டு என்று வீட்டிலேயே தச்சு வேலை பார்க்கிறவர்கள் இன்று வாங்கும் ஜிக்சா அந்த மெஷினின் வாரிசுதான்.

ஒரு வித்தியாசம் மட்டும் உண்டு. தையல் மெஷினை மேசையில் திருகிப் பொருத்தியிருப்பார்கள். அதன் ஆட்டத்தையெல்லாம் மேசை வாங்கிக்கொள்ளும். ஜிக்சாவுக்கு மேசையும் நம் கைதான்.

பரிசலில் நிற்பவர் முன்னால் ஓர் அடி எடுத்து வைத்தால் பரிசல் பின்னால் நகரும். ஜிக்சாவுக்குள் நடப்பதும் இதுவே. பிளேடு கீழே போகும்போது உடல் மேலே எழும்ப முயலும். பிளேடு மேலே வந்தால் உடல் கீழே அழுந்தும். கணக்குப் போட்டுப் பார்க்கலாம். மெஷினின் எடை இரண்டரை கிலோ. அதில் ஏறி இறங்கும் பகுதி 100 கிராம். பிளேடு ஓடும் தூரம் 26 மில்லிமீட்டர் என்று வைத்துக்கொள்வோம். கை பிடிக்காமல் விட்டால் மெஷினின் உடல் சுமார் 1 மில்லிமீட்டர் ஏறி இறங்கும். இவ்வளவுதானா என்று தோன்றும். ஆனால் நிமிடத்துக்கு 3,000 வெட்டு என்பது விநாடிக்கு 50 ஆட்டம். அந்த வேகத்தில் 1 மில்லிமீட்டர் ஆட்டத்தின் உச்ச முடுக்கம், புவியீர்ப்பு முடுக்கத்தைப் போல 5 மடங்கு. ஆட்டம் சிறியது, அடி பெரியது.

இதற்குப் பொறியாளர்கள் கண்ட தீர்வு எளிமையானது. பிளேடு கீழே போகும் அதே நொடியில் மேலே போகும்படி உள்ளே ஓர் எதிர் எடையை வைத்துவிடுவார்கள். இரண்டும் ஒன்றையொன்று சமன்செய்ய, உடல் ஓரளவு அசையாமல் நிற்கும். முழுதாக நிற்காது. மரத்தில் பல் கடிக்கும்போது வரும் உதறலை எதிர் எடையால் பிடிக்க முடியாது. அதற்காகச் சில மாடல்களில் கைப்பிடிக்கும் உடலுக்கும் நடுவே ரப்பரோ ஸ்பிரிங்கோ வைக்கிறார்கள்.

எதிர் எடை என்பதும் எடைதான். கனமான மெஷின் இயல்பிலேயே குறைவாக ஆடும். கச்சிதமாக்க எடையைக் குறைத்தால் ஆட்டம் கூடும். ‘கையடக்கம், எடை குறைவு, அதிர்வு குறைவு’ என்று ஒரே அட்டைப்பெட்டியில் மூன்றையும் அச்சடித்திருந்தால் மூன்றாவதைக் கொஞ்சம் சந்தேகத்தோடு படிப்பது நல்லது.

அதிர்ந்தால் என்ன, வேலை முடிந்தால் சரிதானே? அமெரிக்காவில் இண்டியானா மாநிலத்தின் பெட்ஃபர்டு ஊரில் சுண்ணாம்புக்கல் செதுக்கியவர்கள் அப்படித்தான் நினைத்திருப்பார்கள். காற்றழுத்தச் சுத்தியல் பிடித்த அவர்களுடைய விரல்கள் குளிர்காலக் காலைகளில் ரத்தமே இல்லாததுபோல் வெளுத்து மரத்துப்போயின. தொழில்நோய் ஆய்வில் முன்னோடியான டாக்டர் ஆலிஸ் ஹாமில்டன் 1918-ல் அங்கே போய் ஆராய்ந்து, காரணம் அதிர்வும் குளிரும்தான் என்று பதிவு செய்தார். விரலின் நுண்ணிய ரத்தக்குழாய்களும் நரம்புகளும் பழுதாகின்றன. முற்றினால் சட்டைப் பொத்தான் போடுவதே சிரமமாகிவிடும். அறுபது ஆண்டு கழித்து, 1978-ல், ஆய்வாளர்கள் மறுபடி அதே ஊருக்குப் போனார்கள். கருவி பெரிதாக மாறியிருக்கவில்லை. விரல்களும் வெளுத்தபடியே இருந்தன.

பின்லாந்தின் கதை வேறு. அங்கே செயின்சா பிடித்து மரம் வெட்டும் காட்டுத் தொழிலாளர்களை 1972 முதல் 1990 வரை தொடர்ந்து கவனித்தார்கள். தொடக்கத்தில் 40 சதவீதம் பேருக்கு விரல் வெளுக்கும் நோய் இருந்தது. முடிவில் 5 சதவீதம். இடையில் நடந்த முக்கிய மாற்றம், ரம்பத்தின் கைப்பிடியை எஞ்சினிலிருந்து பிரித்து அதிர்வைத் தடுத்ததுதான். ரம்பங்களின் அதிர்வு 14 மீ/வி² என்ற அளவிலிருந்து 2 மீ/வி² ஆக இறங்கியிருந்தது. தொழிலாளிக்கு அறிவுரை சொல்வதைவிட மெஷினைத் திருத்துவது எவ்வளவு பலன் தரும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று எனக்குத் தெரியவில்லை.

இந்த மீ/வி² கணக்குதான் வாங்குபவருக்கும் கைகொடுக்கும். அதிர்வின் வலிமையை முடுக்கமாக அளந்து, தரமான நிறுவனங்கள் கையேட்டிலேயே அச்சடிக்கின்றன. எட்டு மணி நேர வேலைநாளுக்குச் சராசரியாக 2.5-ஐத் தொட்டால் முதலாளி நடவடிக்கை எடுக்க வேண்டும், 5-ஐத் தாண்டவே கூடாது என்பது ஐரோப்பிய ஒன்றியத்தின் 2002-ஆம் ஆண்டு விதி. அதிர்வு இரட்டிப்பானால் அனுமதிக்கும் நேரம் பாதியாகாது, கால்பங்காகிவிடும். 5 மீ/வி² உள்ள ரம்பத்தை இரண்டு மணி நேரம் பிடித்தால் அந்த 2.5 வரம்பு வரும். 10 என்றால் அரை மணி. 20 என்றால் ஏழரை நிமிடம்தான்.

ஞாயிற்றுக்கிழமை இருபது நிமிடம் பலகை அறுப்பவருக்கு விரல் வெளுத்துவிடும் என்று பயமுறுத்த மாட்டேன். அவருக்கு அதிர்வால் வரும் தொல்லை வேறு: கோடு கோணலாகும், கை சீக்கிரம் சோரும், சோர்ந்த கை நழுவும். ஆனால் அதே ரம்பத்தை நாள் முழுக்கப் பிடிக்கும் தச்சருக்கு மேலே சொன்ன ஒவ்வோர் எண்ணும் பொருந்தும்.

எந்தக் கம்பெனி என்பதைவிட எந்த வகை ரம்பம் என்பது முக்கியம். முன்னும் பின்னும் ஓடும் ரம்பங்களே அதிகம் உதறும்; கிளை வெட்டவும் குழாய் அறுக்கவும் உதவும் நீண்ட பிளேடு ரம்பங்களில் பல, 10-ஐச் சாதாரணமாகத் தாண்டுகின்றன. வட்டமாகச் சுழலும் ரம்பத்தில் போய்த் திரும்பும் ஆட்டமே இல்லாததால் மரம் அறுக்கையில் பெரும்பாலும் 2.5-க்குள் அடங்கிவிடும். நேர்கோட்டு வேலைக்குச் சிறிய சர்குலர் சாவே நல்லது. வளைவுக்கு மட்டும் ஜிக்சா.

இங்கே ஓர் ஆபத்தையும் சொல்லியாக வேண்டும். நம் ஊர்ப் பட்டறைகளில் டைல்ஸ் வெட்டும் நாலு இஞ்ச் மார்பிள் கட்டரிலேயே மர பிளேடை மாட்டிப் பிளைவுட் அறுக்கிறார்கள். அதிர்வு குறைவு, விலை குறைவு, கைக்கும் அடக்கம். ஆனால் அறுத்து முடித்ததும் பல்லைத் தானாக மூடிக்கொள்ளும் கீழ்க்கவசம் அதில் கிடையாது. வெளுக்கிற விரலைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கிறோம். இது விரலையே எடுத்துவிடும்.

ஜிக்சாதான் வேண்டுமென்றால், பலகையைக் கிளாம்ப் போட்டு இறுக்குங்கள். தொங்கும் பலகை தானும் சேர்ந்து குதிக்கும். மெஷினின் அடித்தட்டு மரத்தோடு ஒட்டியே நகரட்டும். பிளேடை முன்பின்னாக வீசும் பெண்டுலம் அமைப்பைச் சுத்தமான வெட்டுக்குப் பூஜ்யத்தில் வையுங்கள். மழுங்கிய பிளேடைத் தூக்கிப் போடுங்கள். கைப்பிடியை நெரித்துப் பிடிக்க வேண்டாம். இறுக்கம் கூடக்கூட அதிர்வு கைக்குள் ஏறும். அதிர்வைத் தடுக்கும் என்று விற்கும் கையுறைகளை நம்பிப் பணம் போட வேண்டாம். அவை மிக வேகமான அதிர்வுகளைத்தான் குறைக்கும், விநாடிக்கு 50 என்ற ரகத்தில் பெரிதாக உதவாது.

மெஷின் வாங்கப் போனால் எத்தனை வாட் என்று கேட்கத் தவறுவதில்லை. அதிர்வு எவ்வளவு என்றும் கேளுங்கள். கடைக்காரருக்குத் தெரியாவிட்டால் கையேட்டைப் பிரித்துக் காட்டச் சொல்லுங்கள். அந்த எண் அதில் இல்லையென்றால் அடுத்த மாடலைப் பாருங்கள்.