உடலே பாடமான அரங்கு: மெயர்ஹோல்ட்

விசெவலத் மெயர்ஹோல்ட் 1874இல் ரஷ்யாவின் பென்சா நகரில் பிறந்தார். மொஸ்கோவில் சட்டப்படிப்பைக் கைவிட்டு நாடகப் பள்ளியில் சேர்ந்தார். 1898இல் மொஸ்கோ கலை அரங்கு தொடங்கியபோதே அதில் நடிகரானார். அந்தோன் செகோவின் 'கடற்பறவை' நாடகத்தில், இளம் எழுத்தாளன் திரெப்லெவ் வேடத்தை ஏற்றார்.

உள்ளத்து உணர்விலிருந்து நடிப்புப் பிறக்க வேண்டும் என்று அந்த அரங்கின் ஆசான் ஸ்டானிஸ்லாவ்ஸ்கி கருதினார். 1902இல் விலகி நெறியாளரான மெயர்ஹோல்ட், உடலசைவே நடிப்பின் அடித்தளம் என்ற முடிவுக்கு வந்தார். இலங்கையின் ஊவாத் தோட்டங்களில் மாசி மாதம் காமன் கூத்துப் பார்த்தவர்களுக்கு இது எளிதில் விளங்கும். தப்பின் அடிக்கேற்ப ரதியும் மதனும் ஆடும் ஆட்டத்திலேயே கதை நகர்கிறது.

1920களின் தொடக்கத்தில் அவர் மொஸ்கோவில் 'பயோமெக்கானிக்ஸ்' என்ற பயிற்சியைக் கற்பித்தார். அம்பு எய்தல், கல் எறிதல், கத்தியால் குத்துதல் போன்றவை அதன் பாடங்கள். ஒவ்வோர் அசைவும் எதிர்த்திசையில் சிறிது பின்வாங்கி, பின் செயலாகப் பாய்ந்து, இறுதியில் ஒரு நிலையில் நிற்கும். சமநிலை, தாளம், உடன் நடிப்பவர் மீதான கவனம் ஆகியவை இதனால் வளர்ந்தன. திரைமேதை ஐசன்ஸ்டைனும் இவரிடம் பயின்றவர்.

சோவியத் அரசு 1938இல் அவரது அரங்கை மூடியது. 1939இல் அவரைக் கைதுசெய்து, 1940 பெப்ரவரி 2இல் சுட்டுக்கொன்றது. 1955இல் அவர் குற்றமற்றவர் என அறிவிக்கப்பட்டது. அவரது குழு நடிகர் நிக்கொலாய் குஸ்தோவ் 1970களில் இப்பயிற்சிகளை இளைய நடிகர்களுக்குக் கற்றுக்கொடுத்தார். அவர்கள் வழியாக அவை இன்றும் பல நாடுகளில் பயிலப்படுகின்றன.