மகிழுந்து எரியூட்டு ரிலே பழுதறிதல்

எரியூட்டு ரிலே என்பது மகிழுந்தின் சாவி அல்லது தொடக்கப் பொத்தான் வழியே வரும் சிறிய மின்னோட்டத்தைக் கொண்டு, எரியூட்டுச் சுருள், எரிபொருள் இன்ஜெக்டர் முதலியவற்றுக்கான பெரிய மின்னோட்டத்தை இணைக்கும் மின்காந்த நிலைமாற்றி ஆகும். இது பழுதானால் வண்டி கிளம்பாது. ஓடும்போதே எஞ்சின் நின்றுவிடவும் கூடும். 2010 அக்டோபரில் நிசான் நிறுவனம் எரியூட்டு ரிலேக் குறைபாட்டின் காரணமாக உலகெங்கும் 20 லட்சத்துக்கும் மேற்பட்ட மகிழுந்துகளைத் திரும்ப அழைத்தது.

அமைப்பு

நான்கு முனை ரிலேயில் 85, 86 ஆகியவை கம்பிச்சுருளின் முனைகள். 30 பேட்டரியிலிருந்து மின்சாரம் பெறும். 87 அதை வெளியே அனுப்பும். சுருளில் மின்சாரம் பாய்ந்ததும் தொடுமுனைகள் இணைந்து 'டிக்' ஒலி எழும். இந்த ஒலி சுருள் இயங்குவதை மட்டுமே காட்டும். தொடுமுனைகள் கருகியிருந்தாலும் ஒலி கேட்கும்.

சோதனை முறை

1. பேட்டரியையும் பியூஸையும் முதலில் பார்க்க வேண்டும். ஓய்வில் உள்ள நல்ல பேட்டரி சுமார் 12.6 வோல்ட் காட்டும்.
2. ரிலேயைக் கழற்றிச் சாவியைத் திருப்பினால், சாக்கெட்டின் 30ஆம் முனையிலும், 85க்கும் 86க்கும் இடையிலும் ஏறக்குறைய பேட்டரியின் வோல்ட்டேஜ் இருக்க வேண்டும். இல்லையெனில் பழுது ரிலேயில் இல்லை. வயரிங், சாவி நிலைமாற்றி அல்லது கட்டுப்பாட்டுக் கணினியில் உள்ளது.
3. கழற்றிய ரிலேயின் 85, 86 இடையே மின்தடை பொதுவாக 50 முதல் 120 ஓம் வரை இருக்கும். முடிவிலி காட்டினால் சுருள் அறுந்துள்ளது.
4. ரிலேயை மீண்டும் பொருத்தி, மின்சாரம் பாயும்போது 30, 87 இடையே அளக்க வேண்டும். வித்தியாசம் 0.2 வோல்ட்டைத் தாண்டினால் தொடுமுனைகள் தேய்ந்துள்ளன எனக் கொள்ளலாம்.

சில புதிய வண்டிகளில் ரிலே பியூஸ் பெட்டியின் பலகையிலேயே பற்றவைக்கப்பட்டிருக்கும். அவற்றில் ஸ்கேனர் கருவியின் உதவி தேவை.

வெள்ளத்துக்குப் பின்

2015, 2023 டிசம்பர் மாதங்களில் சென்னையில் ஏராளமான வண்டிகள் நீரில் மூழ்கின. அவ்வாறு நனைந்த வண்டியில் சாவியைத் திருப்பாமல் பேட்டரியின் எதிர்முனையைக் கழற்றுவதே முதல் வேலை. ஈரம் உலர்ந்த பின்னும் சாக்கெட் முனைகளில் பச்சைக் களிம்பு வளரும். அங்கு மின்தடை கூடிச் சூடேறும். தேனாம்பேட்டை வழியே செல்லும் அண்ணா சாலையிலிருந்து பிரியும் ஜி.பி. ரோட்டின் உதிரிபாகக் கடைகளில் புதிய ரிலே வாங்கலாம். ஆனால் சாக்கெட்டைச் சரிசெய்யாமல் பொருத்தினால் அதுவும் விரைவில் கருகும். 30ஐயும் 87ஐயும் கம்பியால் இணைத்து வண்டி ஓட்டுவது தீவிபத்துக்கு வழிவகுக்கும்.