காட்டுக் கொத்தமல்லியும் கற்பூரவள்ளியும்
மேற்கிந்தியத் தீவினரின் பச்சை அரைப்பு

மேற்கிந்தியத் தீவுகள் என்றதும் நம் கல்லூரி மைந்தரின் உள்ளத்தில் முதற்கண் எழுவது கிரிக்கெற் ஆட்டமேயாகும். 1950ஆம் ஆண்டில் இங்கிலாந்து சென்ற அத்தீவுகளின் குழுவிலே சுழற்பந்து வீசிப் பெரும்புகழ் பெற்ற சொனி ராமதீன், திரினிடாட்டில் வாழ்ந்த இந்தியக் குடியிற் பிறந்தவர் என்பதை ஆட்டப் பிரியர் அறிவர். ஆயின், அத்தீவின் அடுக்களைகளில் நாள்தோறும் மணப்பது யாது என்பதை அறிந்தார் நம்மிடையே மிகச் சிலர். அது பல தழைகளையும் உள்ளியையும் மிளகாயையும் கூட்டி அரைத்த ஒரு பச்சை அரைப்பு. பேராதனையிலே ஒரு வீட்டு முற்றத்திலும் கண்டிச் சந்தையிலும் கிடைக்கும் பொருள்களைக் கொண்டு அதனை நாமும் ஆக்கிக்கொள்ளலாம். ஆக்கும் முறையையும், அதிற் கருத்தூன்ற வேண்டிய எச்சரிக்கை ஒன்றையும் விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

அரைப்பின் இயல்பு

நம் கறிகளுக்கு ஆதாரம் உலர்ந்த சரக்கு. மல்லி, மிளகாய், சீரகம், மிளகு ஆகியவற்றை வறுத்து இடித்துத் தூளாக்கி வைத்துக்கொள்கின்றோம். மேற்கிந்தியத் தீவினரோ பச்சைத் தழையையே ஆதாரமாகக் கொண்டனர். திரினிடாட்டிலும் கயானாவிலும் இதனைக் 'கிறீன் சீசனிங்' என்பர். போட்டோ ரிக்கோவில் இதன் உறவான அரைப்புக்கு 'ரெக்காயித்தோ' என்றும், ஹெயிற்றியில் 'எப்பீஸ்' என்றும் பெயர். தீவுக்குத் தீவு கூட்டு வேறுபடினும் அடிப்படை ஒன்றே: தழை, உள்ளி, வெங்காயம், மிளகாய், சிறிது புளிப்பு. மீனையும் இறைச்சியையும் இதிற் பிசறி ஊறவைப்பர். பருப்பையும் கடலையையும் இதனாலே மணமூட்டுவர்.

இக்கூட்டிலே தலைமை வாய்ந்த தழை ஒன்றுண்டு. நீண்டு, ஓரத்திற் பல்வெட்டுடையதாய், நிலத்தோடு ஒட்டிப் படர்ந்து, கசக்கினால் கொத்தமல்லியினும் பன்மடங்கு மணப்பது அது. அமெரிக்க வெப்ப நாடுகளுக்கு உரியது. 1753இல் லின்னேயசு என்னும் தாவரவியல் அறிஞர் அதற்கு 'எரிஞ்சியம் பீற்றிடம்' என்று பெயரிட்டார். 'பீற்றிடம்' என்றால் நாற்றமுடையது என்று பொருள். பிரெஞ்சு மொழியினர் அதனைத் 'திருநிலை பெற்ற முட்செடி' என்னும் பொருள்படச் 'சார்டோன் பெனி' என்றழைத்தனர். அதுவே திரிந்து திரினிடாட்டில் 'ஷாடோ பெனி' ஆயிற்று.

பெயரிற் பொதிந்த வரலாறு

அத்தழைக்குத் திரினிடாட்டிலே மற்றொரு பெயரும் உண்டு. அது நம் செவிக்குப் புதியதன்று. 'பன்தனியா' என்பதே அப்பெயர். 'பன்' என்றால் காடு. 'தனியா' என்றால் கொத்தமல்லி. காட்டுக் கொத்தமல்லி என்பது பொருளாகும்.

இப்பெயரை இட்டவர் இந்தியத் தொழிலாளரே. 1838இல் கயானாவுக்கும், 1845ஆம் ஆண்டு மே மாதம் 30ஆம் நாள் திரினிடாட்டுக்கும் ஒப்பந்தக் கூலிகளாக அவர்கள் முதன்முதல் வந்திறங்கினர். 1917இல் ஆட்சேர்ப்பு நிறுத்தப்படும்வரை திரினிடாட்டுக்கு மட்டும் ஏறத்தாழ 1,44,000 பேர் சென்றனர். பெரும்பாலார் கல்கத்தாத் துறைமுகத்திற் கப்பலேறிய வடநாட்டார். சென்னைத் துறைமுகத்திலிருந்து சென்றாருள் தமிழரும் தெலுங்கரும் இருந்தனர். கயானாவில் இன்றும் மாரியம்மன் வழிபாடு நிலவுவதற்கு இவர்கள் வழிவந்தோரே காரணர். ஏறத்தாழ அதே காலத்தில் தென்னிந்தியத் தமிழர் கண்டிச் சீமையின் காப்பித் தோட்டங்களுக்கு நடந்து வந்து, பின்னர்த் தேயிலைத் தோட்டங்களையும் ஆக்கினர் என்பதை நாம் மறத்தலாகாது. ஒரே பேரரசின் இரு முனைகளிலே, ஒரே வறுமையால் உந்தப்பெற்றவர்கள் அடுப்பு மூட்டினார்கள்.

கடல் கடந்து சென்றவர்கள் தம் கொத்தமல்லியைத் தேடினர். அதன் மணத்தை வேறொரு செடியிற் கண்டனர். தெரிந்த பெயரையே அதற்குச் சூட்டினர். இதனை நம் முன்னோரும் செய்திருக்கின்றனர். மிளகாய் நம் நாட்டுச் செடியன்று. 1492இல் கொலம்பசு மேற்கிந்தியத் தீவுகளை அடைந்த பின்னரே ஐரோப்பியர் அதனை அறிந்தனர். போர்த்துக்கேயர் வாயிலாக அது நம் கரையை எய்தியபொழுது, காரத்தில் மிளகை ஒத்திருந்தமையால் மிளகுக்காய் எனும் பொருளில் மிளகாய் என்றனர் தமிழர். சிங்கள மொழியிலும் மிளகு 'கம்மிரிஸ்', மிளகாய் 'மிரிஸ்' என்றிருத்தலை நோக்குக. அயல்நாட்டுச் செடி நம் பெயரைப் பெற்று, நம் அம்மியில் ஏறியபின் நம்முடையதே ஆகிவிடுகின்றது.

பேராதனையில் கிடைப்பன

அயல்நாட்டுச் செடிகளை ஏற்று வளர்த்தல் பேராதனைக்குப் புதியதன்று. மகாவலி கங்கை வளைந்து சூழும் 147 ஏக்கர் நிலத்தில், கடல்மட்டத்துக்கு ஏறத்தாழ 460 மீற்றர் உயரத்தில் அமைந்த இங்குள்ள தாவரவியற் பூங்கா 1821இல் நிறுவப்பெற்றது. தென்னமெரிக்காவுக்குரிய சிங்கோனா 1861இலும், இறப்பர் 1876இலும் இப்பூங்கா அறிஞரின் பொறுப்பிலேயே இலங்கை மண்ணில் ஊன்றப்பெற்றன.

பச்சை அரைப்புக்கு வேண்டிய செடிகளோ பூங்காவை நாடாமலே கிடைப்பன. கற்பூரவள்ளியை நாம் இருமல் மருந்தென்றே கருதுகின்றோம். அதே செடியைத் திரினிடாட்டினர் 'ஸ்பானிய தைம்' என்று கூறி அரைப்பிற் சேர்க்கின்றனர். அது ஸ்பானியாவுக்கும் உரியதன்று; தைம் செடியும் அன்று. எனினும் இரண்டிலும் கார்வக்ரோல், தைமோல் என்னும் மணப்பொருள்கள் உள்ளமையால் மணம் ஒத்திருக்கின்றது. செலரியும் லீக்ஸும் நுவரெலியாத் தோட்டங்களிலிருந்து கண்டிச் சந்தைக்கு வருகின்றன. காரமின்றி மணமுடைய அவர்களது மிளகாய்க்கு ஈடாக நம் கறிமிளகாயைக் கொள்ளலாம். காரத்துக்கு, அவர்களது மிளகாயின் இனத்ததான 'நை மிரிஸ்' உகந்தது. காட்டுக் கொத்தமல்லி கிடைப்பின், ஈரமும் நிழலுமுள்ள மூலையில் அதனை நட்டு, பூந்தண்டு தோன்றுந்தோறும் கிள்ளிவிடுதல் வேண்டும். கிடையாதாயின் சாதாரண கொத்தமல்லித் தழை போதும். தொறொன்ரோ, இலண்டன் முதலிய நகரங்களில் வாழும் நம் பழைய மாணவர் மேற்கிந்தியர் கடைகளில் அத்தழையை எளிதிற் பெறலாம்.

செய்முறை

காட்டுக் கொத்தமல்லி அல்லது கொத்தமல்லித் தழை 50 கிராம்; தண்டோடு கூடிய செலரி இலை 50 கிராம்; வெங்காயத்தாள் அல்லது லீக்ஸின் பச்சைப் பகுதி 100 கிராம்; கற்பூரவள்ளி இலை 4; தைம் கிடைப்பின் ஒரு மேசைக்கரண்டி; உள்ளி 10 பல்லு; சின்ன வெங்காயம் 6; கறிமிளகாய் 2; நை மிரிஸ் அல்லது பச்சை மிளகாய் 1; உப்பு ஒரு தேக்கரண்டி; தென்னை வினாகிரி 4 மேசைக்கரண்டி. வினாகிரிக்குப் பதிலாகத் தேசிக்காய்ச் சாறும் ஆகும்.

தழைகளை மண் அறும்வரை மூன்று நான்கு முறை நீரில் அலசி, ஈரம் போகத் துணியில் உலர்த்துக. நீர் மிகுந்தால் அரைப்பு விரைவிற் கெடும். முதலில் உள்ளியையும் உப்பையும் நசுக்குக. உள்ளியின் காரமணம் முழுப் பல்லில் இல்லை. பல்லு நசுங்கி உட்சாறுகள் கலக்கும்போதே அது பிறக்கின்றது. பின்னர் வெங்காயம், மிளகாய், இறுதியில் தழைகள் என்னும் முறையிற் சேர்த்து அம்மியிலோ மின் அரைவையிலோ கொரகொரப்பாக அரைத்து, வினாகிரி கலந்து, கொதிநீரிற் கழுவி உலர்த்திய கண்ணாடிப் போத்தலில் இடுக. நல்லெண்ணெயோ தேங்காயெண்ணெயோ சேர்க்க வேண்டா. அதற்குக் காரணம் உண்டு.

ஓர் எச்சரிக்கை

பச்சை உள்ளியையும் தழையையும் எண்ணெயில் மூழ்கவைத்தால் நெடுநாள் கெடாதிருக்கும் என்பது பலரது நம்பிக்கை. அது பேரிடர் விளைப்பது. மண்ணிலுள்ள 'குளொஸ்திரிடியம் பொற்றுலினம்' என்னும் நுண்ணுயிரின் வித்திகள் உள்ளியிலும் தழையிலும் ஒட்டியிருத்தல் கூடும். சாதாரணக் கொதிநீரில் அவ்வித்திகள் மாய்வதில்லை. காற்றுப் புகாத, புளிப்பற்ற, வெதுவெதுப்பான இடம் வாய்த்தால் அவை முளைத்து நரம்பைத் தாக்கும் கொடு நஞ்சைச் சுரக்கும். எண்ணெய் போர்த்திய போத்தல் அத்தகைய இடமேயாகும். நிறமோ மணமோ மாறாமலே உணவு நஞ்சாகலாம். 1985இல் கனடாவின் வான்கூவர் நகரில், குளிரில் வைக்கப்படாத எண்ணெய் உள்ளியை உண்டு 36 பேர் இந்நோய்க்கு ஆளாயினர். இமை தொய்தல், பொருள் இரண்டாகத் தோன்றல், விழுங்க இயலாமை ஆகியன இதன் குறிகள். கண்டவுடன் வைத்தியசாலைக்கு விரைதல் வேண்டும்.

ஆகவே புளிப்பும் குளிரும் சேர்ந்தே காவலாகும். அமிலநிலை 4.6க்குக் கீழாயின் அந்நுண்ணுயிர் வளராது. ஆனால் வீட்டில் அதனை அளந்தறிதல் அரிதாதலின் வினாகிரியை மட்டும் நம்புதல் தகாது. போத்தலை எப்பொழுதும் குளிர்சாதனப் பெட்டியில் வைத்து ஒரு கிழமைக்குள் முடித்துவிடுக. நெடுநாள் வேண்டுவோர், பனிக்கட்டித் தட்டிலே சிறு கட்டிகளாக உறையவைத்து இரண்டு மூன்று மாதம்வரை வழங்கலாம். மின்சாரம் நெடுநேரம் தடைப்பட்டு உருகிவிட்டதாயின் வீசிவிடுதலே அறிவுடைமை.

பயன்

மீனைத் தேசிக்காய்ச் சாற்றிற் கழுவி, ஓர் இறாத்தலுக்கு இரண்டு மேசைக்கரண்டி அரைப்பைத் தடவிக் குளிரில் அரைமணி நேரம் வைத்துப் பின் சமைக்கலாம். சைவ உணவினர்க்கும் இது பெரிதும் உதவும். அவித்த கொண்டைக் கடலை, பருப்பு, கத்தரிக்காய், பலாக்கொட்டை ஆகியவற்றுக்குத் தாளிதத்தில் ஒரு கரண்டி இட்டு, பச்சை வாடை நீங்கும்வரை இரண்டு மூன்று நிமிடம் வதக்குதல் போதும். காட்டுக் கொத்தமல்லியின் மணம் கொதியிலும் நிலைக்கும். சாதாரண கொத்தமல்லியின் மணமோ சூட்டில் விரைந்து மறையும். ஆதலின் அதனைக் கொண்டு அரைத்தோர் சிறிதளவை இறக்கும் வேளையிலும் சேர்ப்பாராக.

கடைகளிலே மணக்கட்டிகளும் தூள்களும் மலிந்துள்ள இக்காலத்தில் இவ்வுழைப்பு எதற்கென மாணவர் சிலர் வினவலாம். கட்டியிலே பெரிதும் இருப்பது உப்பு. தழையின் மணம் பறித்த கையளவு தூரத்திலேதான் இருக்கின்றது. அதனினும் சிறந்த காரணம் ஒன்றுண்டு. உடைமை யாதுமின்றிக் கடல் கடந்தவர்கள், அயல்மண்ணின் செடியைத் தம் மொழியால் அழைத்து, தம் கல்லில் அரைத்து, ஒரு நாட்டின் சுவையையே உருவாக்கினர். மிளகாய்க்குப் பெயரிட்ட இனத்தவராகிய நாம் அந்த அரைப்பை நம் வீட்டில் ஒருமுறை ஆக்கிப் பார்த்தல் அவர்களோடு நாம் உறவு கொண்டாடும் எளிய வழியாகும். மண் போகக் கழுவுக, எண்ணெயை விலக்குக, குளிரிற் பேணுக, மணம் தானே வரும்.