மலையகத்துப் பிள்ளைகளும் தன்னம்பிக்கையும்

கம்பளையிலிருந்து நுவரெலியாவுக்கு ஏறிச் செல்லும் பெருவழியில், 109 மீட்டர் உயரத்திலிருந்து விழும் அருவியைக் காண்பதற்காகப் பிரயாணிகள் வண்டியை நிறுத்தி, படம் பிடித்து, தேநீர் அருந்தி, பின்னர் மேலே போய்விடுகிற இடம் இறம்பொடை. அருவியைப் பார்த்தவர்களில் அநேகர் ஏறிப் பாராத தோட்ட லயங்களிலே, பத்தடிக்குப் பன்னிரண்டடியான காம்பராவில், தம்பி தங்கையரின் சத்தத்துக்கும் அடுப்புப் புகைக்கும் நடுவே க.பொ.த. சாதாரண தரப் பரீட்சைக்குப் படித்துக்கொண்டிருக்கும் பதினைந்து பதினாறு வயதுப் பிள்ளைகளைப் பற்றியே இங்கு பேச விரும்புகிறேன்.

அப்பிள்ளைகளுக்குத் தன்னம்பிக்கையை உபதேசிக்க நம்மவர் ஒருபோதும் தயங்கியதில்லை. பரிசளிப்பு விழாவென்றால், பொன்னாடையும் மாலையுமாக மேடையேறும் பிரமுகர் ஒவ்வொருவரும் உன்னால் முடியும், முயன்றால் சிகரத்தைத் தொடலாம் என்று அரைமணி நேரம் பிரசங்கம் செய்யாமல் இறங்குவதில்லை. பிள்ளைகளும் கைதட்டுகிறார்கள். மறுநாட் காலை கணித பாடத்துக்கு ஆசிரியர் இல்லாத வகுப்பறையில் அவர்கள் மீண்டும் உட்காரும்போது, முந்தின நாள் ஊட்டப்பெற்ற உற்சாகத்தில் எவ்வளவு எஞ்சியிருக்கும் என்பதை அப்பிரமுகர் விசாரித்தறிவாரானால், அடுத்த ஆண்டுப் பிரசங்கம் சற்றுச் சுருக்கமாக அமையக்கூடும்.

தன்னம்பிக்கை பிறக்கும் விதத்தை நெடுங்காலம் ஆராய்ந்தவர் ஆல்பர்ட் பண்டூரா என்னும் உளவியல் அறிஞர். கனடாவின் ஆல்பர்ட்டா மாகாணத்தில் மண்டேர் என்ற சிற்றூரில், கிழக்கு ஐரோப்பாவிலிருந்து பிழைக்க வந்த பெற்றோருக்கு 1925இல் பிறந்தவர் அவர். தந்தை இருப்புப்பாதை போடும் வேலை செய்தவர். உயர்வகுப்புப் பாடங்கள் அனைத்தையும் இரண்டே ஆசிரியர்கள் நடத்திய அவ்வூர்ப் பாடசாலையில், மாணவர் தம் படிப்பைப் பெரும்பாலும் தாமே பார்த்துக்கொள்ள வேண்டியிருந்ததாம். தோட்டப் பாடசாலையில் படித்த எவருக்கும் இந்த வர்ணனை அந்நியமாகத் தோன்றாது. அவ்விதம் வளர்ந்த மனிதரே பிற்காலத்தில் ஸ்டான்போர்ட் சர்வகலாசாலைப் பேராசிரியராகி, ஒரு காரியத்தைத் தன்னால் செய்துமுடிக்க இயலும் என்ற நம்பிக்கை மனிதனுக்கு எவ்வழிகளால் உண்டாகிறது என்பதை 1977இல் வெளியிட்ட புகழ்பெற்ற கட்டுரையில் விளக்கினார். தானே செய்து ஜயித்த அநுபவம், தன்னைப் போன்ற ஒருவர் ஜயிப்பதைக் கண்ணாரக் காண்பது, பிறர் சொல்லும் ஊக்கமொழி, உடலும் உள்ளமும் அப்போதிருக்கும் நிலை ஆகிய நான்கையும் காரணங்களாகக் கூறிய அவர், முதலாவதையே மிக வலியதாகக் கொண்டார். மேடைப் பிரசங்கமெல்லாம் மூன்றாவது வகையைச் சேர்ந்தது. சொந்த அநுபவத்தின் ஆதாரமில்லாத வெறுஞ்சொல் முதல் தோல்வியிலேயே உதிர்ந்துபோகும்.

சொந்த அநுபவம் எவ்வாறு வேலை செய்கிறது என்பதைக் காட்ட, அவரும் டேல் ஷங்க் என்பவரும் 1981இல் வெளியிட்ட பரிசோதனை ஒன்றைச் சொல்லலாம். கணக்கில் மிகவும் பின்தங்கி, அதில் விருப்பமும் அற்றிருந்த சிறுவர்களிடம் 42 பக்கக் கழித்தற் பயிற்சிகளைக் கொடுத்து, ஒரு சாராரை ஒவ்வொரு அமர்விலும் ஆறு பக்கம் முடிக்க எண்ணும்படியும், மற்றொரு சாராரை ஏழு அமர்வுகளின் இறுதியில் 42 பக்கமும் முடிக்க எண்ணும்படியும் சொன்னார்கள். வேலையின் அளவு இரு சாராருக்கும் ஒன்றே. ஆயினும் ஆறு ஆறாக முடித்தவர்கள் கணக்கிலே தெளிந்ததோடு, தம்மால் இயலும் என்ற உறுதியையும், அதுவரை கசந்த கணக்கிலே ஓர் ஈடுபாட்டையும் பெற்றார்கள். தொலைவிலிருந்த இலக்கை நோக்கியவர்களுக்கு அத்தகைய பயன் கிட்டவில்லை. "எங்க புள்ளைக்குக் கணக்கு வராதுங்க சார்" என்று ஆசிரியரிடம் பிள்ளையின் முன்னிலையிலேயே சொல்லிவிடும் தாய்மார் இதைக் கவனிக்க வேண்டும். டாக்டராக வேண்டும், என்ஜினியராக வேண்டும் என்ற தூரத்து ஆசையை விட, இன்றிரவு ஐந்து கணக்கு என்ற சிறு சங்கற்பம் நிறைவேறுவதே பிள்ளையின் மனத்தில் உரத்தை ஏற்றுகிறது.

இனி இரண்டாவது வழியான, தன்னைப் போன்றவரைக் காண்பதைப் பற்றி விரிவாகவே சொல்லவேண்டும். மலையகத்தின் வரலாறு முழுவதும் அந்த ஒன்றைத்தான் பிள்ளைகளுக்கு நெடுங்காலம் இல்லாமற் செய்துவிட்டது. 1907ஆம் ஆண்டுச் சட்டம் தோட்டத்துப் பிள்ளைகளின் ஆரம்பக் கல்வியைத் தோட்ட நிர்வாகத்தின் பொறுப்பில் விட்டது. கொழுந்து பறிக்கக் கைகள் வேண்டிய துரைமார் அப்பொறுப்பை எவ்வளவு சிரத்தையோடு நிறைவேற்றியிருப்பர் என்பதை ஊகிக்கலாம். 1945இல் இலவசக் கல்வி நாட்டுக்கு வந்தபோதும் அதன் முழுப்பயன் தோட்டத்துக்கு எட்டவில்லை; 1948இல் குடியுரிமையே பறிபோயிற்று; தோட்டப் பாடசாலைகள் அரசாங்கத்தின் கைக்கு முறையாக வரத் தொடங்கியது 1977க்குப் பின்னர்தான். அதுகாறும் லயத்துப் பிள்ளை, காலையில் வேலை பிரித்துக் கொடுக்கும் பெரட்டுக் களத்தில் கண்ட அதிகாரிகள் துரையும் கணக்கப்பிள்ளையும் கங்காணியும். தன் லயத்திலிருந்து புறப்பட்ட ஒருவரை ஆசிரியராகவோ வைத்தியராகவோ அது கண்டது மிக அபூர்வம்.

உதாரண புருஷர்கள் இல்லையா என்றால், இறம்பொடையிலேயே ஒருவர் உண்டு. இங்குள்ள வேவண்டன் தோட்டத்திலிருந்து அரசியலுக்குச் சென்றவர் சௌமியமூர்த்தி தொண்டமான். 1913இல் தமிழ்நாட்டில் பிறந்து, 1924இல் இலங்கைக்கு வந்து, 1947இல் பாராளுமன்றம் புகுந்து, 1978இல் அமைச்சரானவர். அவர் பெருமையை நான் குறைக்க நினைக்கவில்லை. ஆனால் தொழிலாளியாக வந்து அத்தோட்டத்துக்கே சொந்தக்காரராகிவிட்ட கருப்பையாவின் புதல்வர் அவர். தோட்டத்து முதலாளியின் மகனைக் கண்டு லயத்துப் பிள்ளை வியக்கலாமே தவிர, 'இவரும் என்னைப் போலத்தான்' என்று எண்ணுவது கடினம். நுவரெலியா மாவட்டத்து மடக்கும்புரத் தோட்டத்தில் 1914இல் பிறந்த எழுத்தாளர் சி.வி. வேலுப்பிள்ளையின் இளமையே எனக்கு இவ்விடத்தில் அதிகம் உவப்பானது. 1934இல் இரவீந்திரநாத் தாகூர் இலங்கைக்கு வந்தபோது, இருபது வயதை எட்டிக்கொண்டிருந்த இவ்விளைஞர், தாம் ஆங்கிலத்தில் எழுதிய நாடகத்தை அம்மகாகவியின் கையிலேயே கொடுத்தார். எழுதி முடித்த ஒன்று கையில் இருந்ததல்லவா, அந்தத் துணிவுக்கு அதுவே காரணம் என்பது என் அபிப்பிராயம்.

இவ்விருவரையும் விடப் பயன்பட்டவர்கள் பெயர் தெரியாதவர்கள். 1980களில் தோட்டத்து இளைஞர்களும் யுவதிகளும் ஆசிரிய நியமனம் பெற்றுத் தத்தம் தோட்டங்களுக்கே கற்பிக்க வந்ததும், பின்னர் பத்தனையில் ஸ்ரீபாத கல்வியியற் கல்லூரி ஜெர்மனியின் உதவியோடு எழுந்ததும் மலையகக் கல்வியில் பெரிய திருப்பங்கள். அடுத்த லயத்து அக்கா சேலையுடுத்து, கையில் புத்தகத்தோடு பாடசாலைக்கு நடந்துபோகும் காட்சி, நூறு பிரசங்கங்கள் செய்யாத காரியத்தைச் செய்தது. அந்த அக்கா குடித்த தண்ணீர் பிள்ளை குடித்த தண்ணீர்தான். அவர் தாயும் கூடை சுமந்தவர்தான்.

ஆயினும் நம்பிக்கை இருந்தால் போதும் என்று சொல்வோரோடு நான் உடன்படமாட்டேன். தமிழ்மொழி மூலம் உயர்தர விஞ்ஞான, கணித வகுப்புகள் மலைநாட்டில் இன்னும் போதாமலே இருக்கின்றன. ஆசிரியரில்லாத குறையைப் பிள்ளையின் மன உறுதியின்மேல் சுமத்துவது அநியாயம். இருக்கிற வழிகளையேனும் பிள்ளைகளுக்குச் சொல்லிவைக்க வேண்டும். சர்வகலாசாலை அநுமதியில் நாடளாவிய தகுதிக்கு 40 சதவீதமும், மாவட்ட ஜனத்தொகைக்கேற்ப 55 சதவீதமும், கல்வியில் பின்தங்கிய மாவட்டங்களுக்கு 5 சதவீதமும் ஒதுக்கும் முறை இங்கு வழக்கிலுண்டு. அப்பின்தங்கிய மாவட்டங்களுள் நுவரெலியாவும் ஒன்று. கலைத்துறைக்கு இவ்வொதுக்கீடு பொருந்தாது. விஞ்ஞானத்தையும் கணிதத்தையும் அஞ்சி விலகும் பிள்ளைகள் இழப்பது எத்தகைய வாய்ப்பு என்பதைச் சாதாரண தரம் எழுதுமுன்னரே அவர்கள் அறிந்திருக்க வேண்டும்.

கொழும்பிலும் பேராதனையிலும் படித்துக்கொண்டு, தீபாவளிக்கும் தைப்பொங்கலுக்கும் லயத்துக்குத் திரும்பும் அண்ணன்மாருக்கும் அக்காமாருக்கும் ஒரு விண்ணப்பம். வந்த நாட்களில் ஒரு மாலைப்பொழுதை ஒதுக்கி, பக்கத்துக் காம்பராவில் பரீட்சைக்குப் படிக்கும் பிள்ளையை அழைத்து உட்காரவைத்து, புத்திமதி ஒன்றும் சொல்லாமல், அதற்கு விளங்காத ஐந்து கணக்குகளைச் செய்து முடிக்கும்வரை கூட இருங்கள்.