பேய்ப் படத்தின் பின்வாசல்

மண்டகப்பட்டுக் குகைக்கோயிலைப் பார்த்தாலே எனக்குப் பேய்ப் படம் ஞாபகம் வந்துவிடும்! செங்கல், மரம், உலோகம், சுண்ணாம்பு எதுவுமில்லாமல் எழுப்பினேன் என்று கல்வெட்டிலேயே மார்தட்டிய பல்லவ மன்னன் மகேந்திரவர்மன்தான், மண்டையோட்டைத் தொலைத்துவிட்டுத் தேடும் காபாலிகனை வைத்து ‘மத்தவிலாசப் பிரகசனம்’ எழுதிச் சிரிக்கவைத்தவன். அவன் பெயரோடு சேர்த்துப் பேசப்படும் ‘பகவதஜ்ஜுக’த்தில், செத்துக் கிடக்கும் கணிகையின் உடம்புக்குள் ஒரு துறவி புகுந்துகொள்கிறார். ஏழாம் நூற்றாண்டு ‘காஞ்சனா’!

நம் ‘காஞ்சனா’வே இரண்டாம் பாகம்தான். 2007இல் ‘முனி’, 2011இல் ‘காஞ்சனா’, அப்புறம் 2015, 2019 என்று இயக்குநர் லாரன்ஸ் விடவேயில்லை. ஹாலிவுட்டில் இப்படி நீளும் பாகங்கள் பல, தியேட்டர் பக்கம் போகாமலே வீட்டுக்கு வந்தன. ‘ஹெல்ரைசர்’ ஐந்தாம் பாகம் 2000இல் நேராக வீடியோவில் வெளியானது. 2011இல் வந்த பாகத்தையோ, பட உரிமை கைநழுவக் கூடாதென்று சில வாரங்களில் சுருட்டி எடுத்தார்கள்.

வீட்டுக்கே படத்தைக் கொடுத்துவிட்டால் திருடனுக்கு என்ன வேலை? 2015இல் இயக்குநர் சேரன் அப்படித்தான் நினைத்தார், ‘ஜே.கே. எனும் நண்பனின் வாழ்க்கை’யை ஐம்பது ரூபாய் டிவிடியாக விற்றார். அருமையான துணிச்சல்! ஆனால் நேரடி ஓடிடி காலத்தில் கதை திரும்பிவிட்டது. ‘காஞ்சனா’வின் இந்தி வடிவமான ‘லக்ஷ்மி’ 2020 நவம்பரில் ஓடிடிக்கு வந்த கையோடு திருட்டுத் தளங்களிலும் வந்தது, அதுவும் பளிச்சென்ற எச்டி பிரிண்டாக. தியேட்டரில் கேமராவை ஒளித்துவைத்து எடுத்த பிரிண்டாவது ஆடும், மங்கும்.

பேய்ப் படத்துக்கு அந்த மங்கல்தான் எமன். நடிகையை ரோப்பில் தூக்கி, கயிற்றை கிராஃபிக்ஸில் அழிப்பது பாதி வேலைதான். செலரித் தண்டை முறித்து எலும்பொடியும் சத்தம் எடுக்கும் ஃபோலி கலைஞரும், டிஐ அறையில் இருட்டுக்குள் இருட்டைப் பிரித்துக்காட்டும் கலரிஸ்ட்டும்தான் நம்மை அலறவைக்கிறார்கள். தியேட்டர் பிரிண்ட் முதலில் விழுங்குவது இவர்கள் இருவரின் உழைப்பை.

இப்போது நிஜப் பேயைக் காட்டட்டுமா? டிஜிட்டல் தியேட்டரில் படம் ஓடும்போதே, கண்ணுக்குத் தெரியாத வாட்டர்மார்க் ஒன்று காட்சிகளில் பதிந்துகொண்டே இருக்கிறது. திருட்டுப் பிரிண்ட் கிடைத்தால், எந்தத் திரையில் எந்த நேரத்தில் எடுத்தது என்று அது காட்டிக்கொடுத்துவிடும்! தமிழ்ராக்கர்ஸ் திருட்டுத் தள வழக்கில் 2018 மார்ச்சில் கேரள போலீஸ் கைது செய்தவர்களில் நம் விழுப்புரத்துக்காரர் ஒருவரும் உண்டு. 2023இல் திருத்திய திரைப்படச் சட்டப்படி, படத் திருட்டுக்கு மூன்று மாதம் முதல் மூன்று ஆண்டு வரை சிறை. அபராதம் மூன்று லட்சத்தில் தொடங்கி, படத் தயாரிப்புச் செலவில் ஐந்து சதவீதம் வரை போகலாம்.